மார்கரெட் இல்லாத புத்தகம்

மிச்சம், லண்டன்
7 ஒக்டோபர் 2024

திரு. கோபாலன் அவர்களுக்கு,

கடந்த சனிக்கிழமை ஹவுன்ஸ்லோ மண்டபத்தில் நடந்த என் நூல் வெளியீட்டு விழாவிலிருந்து நான் இடையில் எழுந்து போனதற்குக் காரணம் பொன்னாடை என்று சொல்லப்படுகிறது. அது சரியல்ல. பிரதம விருந்தினருக்கு முதலில் போர்த்திவிட்டு நூலாசிரியைக்குப் பிறகு போர்த்தியதால் நான் கோபித்துக்கொண்டேன் என்று உங்கள் வாசகர் வட்டத்தில் கதை நடப்பதாக, எனக்குத் தெரிந்த பிள்ளை துசியந்தி நேற்று ரெலிபோனில் சொன்னாள். "உங்களுக்கு நடுக் கதிரை தரேல்லையெண்டும் சொல்லுகினம், அன்ரி," என்று சேர்த்துக்கொண்டாள். எந்தக் கதிரையில் இருந்தேன் என்பதை நான் கவனிக்கவில்லை. பொன்னாடைகள் என்னிடம் ஏற்கெனவே சில உண்டு. அவை யன்னல் சீலைக்குக்கூட உதவுவதில்லை.

நடந்ததை எழுதுகிறேன். ரிபன் கட்டிய பொதியை அவிழ்த்து முதற்பிரதியை என் கையில் தந்தீர்கள். மேடையில் வைத்து நூலைத் திறந்து பார்ப்பது வழக்கமில்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் வாழ்த்துரை வழங்க வந்தவர் தன் வாலிபப் பருவத்திலிருந்து தொடங்கியதால் எனக்கு நேரம் இருந்தது. திறந்தேன்.

நான் உங்களிடம் தந்தது பத்து அத்தியாயங்கள். ரீஸ் மெரெடித் என்ற, பதினெட்டாம் நூற்றாண்டு வேல்ஸ் நாட்டுப் பாதிரியார் ஒருவரின் வாழ்க்கை வரலாறு. எழுபது வயதுக்குப் பிறகு மாலை வகுப்புக்குப் போய் வெல்ஷ் மொழி படித்து, ஆவணக் காப்பகங்களில் இருந்து எழுதியது. அச்சில் இருப்பது ஒன்பது அத்தியாயங்கள். ஏழாவதைக் காணவில்லை. எட்டாவதற்கு ஏழு என்று இலக்கம் போட்டிருக்கிறீர்கள்.

இருந்ததையும் நீங்கள் இருந்தபடி விடவில்லை. நான் "மெரெடித்" என்று எழுதிய இடமெல்லாம் "அன்னார்" என்று வந்திருக்கிறது. "இறந்தார்" என்று எழுதினேன்; "இறைபதம் எய்தினார்" என்று இருக்கிறது. ஐந்தாம் அத்தியாயத்தின் முடிவில், நான் எழுதாத ஒரு வசனம்: "அன்னாரின் இல்லறம் அன்பு மனைவி மார்கரெட்டுடன் இனிதே நடந்தது." இது எங்களுடைய ஆட்கள் செத்தவருக்கு முப்பத்தோராம் நாள் அச்சடித்துச் சாப்பாட்டுக்கு வருகிறவர்களுக்குக் கொடுக்கும் கல்வெட்டின் நடை. மேற்கு லண்டனில் யார் இறந்தாலும் கல்வெட்டு எழுதுவது நீங்கள் என்பதால் கை பழகியிருக்கலாம். ஆனால் மெரெடித் 1788இல் இறந்தவர். அவருக்காக மண்டபத்தில் எல்லோரையும் எழுந்து நிற்கச் சொல்லி மௌன அஞ்சலி செலுத்தினீர்கள். மாலை போட்டு விளக்கேற்றி வைத்திருந்த படம் மெரெடித்தினுடையது அல்ல. அவருக்குப் படமே கிடையாது.

புத்தக விற்பனையை நிறுத்தி, நான் எழுதியபடி, ஏழாம் அத்தியாயத்துடன் மறுபடியும் அச்சிட வேண்டும். அது முடியாதென்றால் அட்டையிலிருந்து என் பெயரை எடுத்துவிடுங்கள். அத்தியாயத்தை எடுத்த காரணத்தையும் எழுதுங்கள். ரெலிபோனில் இதைப் பற்றி நான் கதைக்க விரும்பவில்லை.

தவமலர் செல்வரத்தினம்


ஹவுன்ஸ்லோ
12 அக்டோபர் 2024

அன்புள்ள தவமலர் அக்காவுக்கு,

பசியாறிவிட்டு உட்கார்ந்து இதை எழுதுகிறேன். பேனா பிடித்து வருஷக்கணக்காகிவிட்டது, கையெழுத்தை மன்னிக்கவும். நான் மாணவனாக மலேசியாவிலிருந்து வந்து இறங்கிய நாளிலிருந்து உங்களை அக்கா என்று அழைப்பவன். எனக்கு நீங்கள் "திரு." போட்டு எழுதியதை வாணியிடம் காட்டினேன். மனைவி என்றால் ஆறுதல் சொல்வாள் என்று நினைத்தேன். "நல்லா வேணும் உங்களுக்கு" என்றாள்.

படம் விஷயத்தில் தப்பு எங்கள் மேல்தான். மேடை அலங்காரம் நம்ம டாக்டர் நிசாந்தன் பொறுப்பு. அவர் இணையத்தில் தேடி, அங்கி போட்ட ஒரு பழைய பாதிரியாரைக் கண்டுபிடித்துப் பெரிதாக்கிக் கொண்டுவந்தார். பிறகு பார்த்தால் அவர் ஸ்காட்லாந்துக்காரராம். மாலை போட்டது யார் என்று கேட்டேன். யாருக்கும் தெரியவில்லை. "மாலை இருந்தது, படம் இருந்தது, போட்டுட்டாங்க" என்கிறார் நிசாந்தன். மௌன அஞ்சலியும் அப்படித்தான், படத்தில் மாலையைப் பார்த்ததும் தலைவருக்கு வாயில் தானாக வந்துவிட்டது. பின்வரிசையில் ஓர் அம்மா பக்கத்திலிருந்தவரிடம் எப்போது நடந்தது, பிள்ளைகள் எத்தனை பேர் என்று துக்கம் விசாரித்தாராம்.

நடை மாறியதும் என் பழக்கதோஷம். கல்வெட்டு என்ற வழக்கமே எங்கள் ஊரில் கிடையாது. இங்கே இலங்கைக்காரர்களான உங்களோடெல்லாம் பழகித்தான் எழுதக் கற்றுக்கொண்டேன். இப்போது எதை எழுதினாலும் "அன்னார்" வந்து உட்கார்ந்துகொள்கிறார்.

ஏழாம் அத்தியாயம் பக்க அளவால் போனது. சென்னை அச்சகம் கொடுத்த கணக்குக்குள் அடக்க வேண்டியிருந்தது. அதோடு, கிறிஸ்தவ சபைக்குப் போகிற நம் வாசகர்கள் பலர் பிரதி வாங்கிப் பிள்ளைகளுக்குக் கொடுக்கப்போகிறார்கள். ஒரு மொழியைக் காப்பாற்றிய பெரியவர் என்று ஆறு அத்தியாயம் சொல்லிவிட்டு, அவர் குடித்துக் கிடந்ததை எதற்கு விரிக்க வேண்டும்? எல்லா மனுஷருக்கும் ஏதோ ஒன்று இருக்கத்தான் செய்யும். நம் சிற்றிதழில் அதைத் தனிக் கட்டுரையாகப் போட்டுவிடுகிறேன், பெயர்களைக் கொஞ்சம் மாற்றி.

செல்வரத்தினம் அண்ணன் இருந்திருந்தால் இதைச் சிரித்தே முடித்திருப்பார். அவருடைய கனவை நீங்கள் நிறைவேற்றிவிட்டீர்கள் என்று முன்னுரையில் எழுதியிருக்கிறேன், பார்த்திருப்பீர்கள். மனசில் வைத்துக்கொள்ளாதீர்கள். அடுத்த வாரம் வாணியும் நானும் வந்து பார்க்கட்டுமா?

அன்புடன் தம்பி,
கோபாலன்


மிச்சம்
17 ஒக்டோபர் 2024

திரு. கோபாலன் அவர்களுக்கு,

வர வேண்டாம். எழுதுங்கள்.

முன்னுரையைப் பார்த்தேன். கணவரின் குறிப்புகளைக் கொண்டு மனைவி முடித்த நூல் என்று அதில் இருக்கிறது. என் கணவர் வேல்ஸில் படித்த காலத்தில் மெரெடித்தின் பெயரைக் கேள்விப்பட்டு, அவரைப் பற்றி வாழ்நாள் முழுவதும் மிக அழகாகக் கதைத்தார். ஒரு வரியும் எழுதவில்லை. குறிப்புகள் என்று எதுவும் கிடையாது. இதைச் சொல்வது அவரைக் குறைப்பதற்காக அல்ல. எழுதியவர் யார் என்பது தெரிந்திருக்க வேண்டும் என்பதற்காக.

பக்க அளவு என்கிறீர்கள். ஏழாம் அத்தியாயத்துக்கு வேண்டிய இடத்தைவிட, தலைவர், செயலாளர், பொருளாளர், பிரதம விருந்தினர் ஆகியோரின் வாழ்த்துச் செய்திகளுக்கும் கோட்டுப் போட்ட படங்களுக்கும் நீங்கள் கூடுதலான இடம் கொடுத்திருக்கிறீர்கள்.

அந்த அத்தியாயத்தில் மெரெடித் குடித்துக் கிடந்தது மட்டும் இருப்பதாக எழுதுகிறீர்கள். கவனமாக வாசிக்காமல் எடுத்தீர்களோ என்ற ஐயம் வருகிறது. ஆகவே சுருக்கிச் சொல்கிறேன்.

அந்தக் காலத்தில் வேல்ஸின் ஆயர்கள் (பிஷப்மார்) இங்கிலாந்துக்காரர். தங்கள் பங்கு என்ற கோயில் வட்டாரத்து மக்களின் மொழி அவர்களுக்குத் தெரியாது. நல்ல பங்குகளைத் தங்கள் மருமக்களுக்குக் கொடுத்தார்கள். குத்தகைக்காரனின் மகனான மெரெடித், அந்தப் பழைய மொழியை எல்லோரையும்விட நன்றாக அறிந்தவர், கடைசிவரை ஊர் ஊராக மாறும் உதவிக் குருவாகவே இருந்தார். போன ஊரிலெல்லாம் வீடு வீடாக நடந்து, நனைந்தும் எலி தின்றும் கிடந்த ஏடுகளைக் கேட்டு வாங்கிப் பிரதி எடுத்தார். இவ்வளவும் உங்கள் பதிப்பில் இருக்கிறது.

1761இல் அவர் மனைவியுடன் லண்டனுக்கு வந்து, தேம்ஸ் கரையில் ஓர் ஏழைப் பங்கில் வேலை ஏற்றார். ஏழாம் அத்தியாயம் இங்கே தொடங்குகிறது. லண்டனில் வியாபாரிகளாகவும் கணக்கர்களாகவும் இருந்த வேல்ஸ்காரர் ஒரு சங்கம் வைத்திருந்தார்கள். மாதத்துக்கு ஒருமுறை ஒரு மதுக்கடையின் மேல்மாடியில் கூடுவார்கள். பழைய பாட்டுகளைச் சொல்லும்படி மெரெடித்தைக் கேட்பார்கள். ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு கிண்ணம் நிரப்புவார்கள். அவர்கள் அவரை உண்மையாகவே நேசித்தார்கள் என்று எழுதியிருக்கிறேன். கூட்டம் முடிந்ததும் அவரைத் தாங்கிக்கொண்டு வந்து வீட்டு வாசலில் விடுவார்கள். கதவைத் திறக்கிறவள் மார்கரெட்.

மறுநாள் அவரால் எழும்ப ஏலாதபோது, குருவானவருக்குக் காய்ச்சல் என்று கோயில் மணியடிப்பவனிடம் சொல்லி அனுப்புவாள். பங்குச் சபைப் பதிவில் அதை எழுதுகிறவன் முதலில் அனுதாபத்துடன் எழுதுகிறான். போகப்போக "மறுபடியும் காய்ச்சல்" என்று மட்டும் குறிக்கிறான். 1764 மாசியில் ஒரு படகோட்டி, இறந்த பிள்ளையைப் பெட்டியில் வைத்துக்கொண்டு அடக்கம் செய்யக் கோயில் வாசலில் வந்து நின்றான். குருவானவர் வரவில்லை. பொழுதுபட்ட பிறகும் அவன் நின்றான். மெரெடித்தின் வேலை போயிற்று. அந்தப் பங்குனியில் மார்கரெட் இறந்தாள். அவளுக்கு வந்தது உண்மையான காய்ச்சல்.

மெரெடித் அதன் பிறகு இருபத்துநான்கு வருடங்கள் இருந்தார். குடியை விட்டார். ஊருக்குத் திரும்பித் தன் அகராதியை முடித்தார். அதன் முகவுரையில் லண்டன் நண்பர்கள் ஒவ்வொருவருக்கும் பெயர் சொல்லி நன்றி எழுதியிருக்கிறார். மார்கரெட்டின் பெயர் இல்லை. அவளைப் பற்றி யாராவது எழுதியிருப்பது என் ஏழாம் அத்தியாயத்தில் மட்டும்தான்.

உங்கள் பதிப்பில் ஆறாம் அத்தியாயத்தில் உயிரோடு இருக்கும் மனுசி அடுத்த அத்தியாயத்தில் இல்லை. இடையில் அவளைச் சாகக்கூட நீங்கள் விடவில்லை.

இப்போது உண்மையான காரணத்தை எழுதுங்கள்.

தவமலர் செல்வரத்தினம்


ஹவுன்ஸ்லோ
23 அக்டோபர் 2024

தவமலர் அக்காவுக்கு,

ஆமா, வேறு காரணம் இருந்தது. நீங்களே புரிந்துகொண்டு விட்டுவிடுவீர்கள் என்று நினைத்தேன். நீங்கள் விடுகிற ஆள் இல்லை என்பது எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

ஏழாம் அத்தியாயத்தை நான் கவனமாக வாசித்தேன் அக்கா. இரண்டு தடவை. பிறகு வாணியிடம் கொடுத்தேன். அவள் வாசித்து முடித்துவிட்டு, தாள்களை மேசையில் வைத்துவிட்டுச் சமையலறைக்குள் போய்விட்டாள். கொஞ்ச நேரம் கழித்து வந்து கேட்டாள், "இத அக்கா தெரிஞ்சுதான் எழுதினாங்களா?"

அந்த அத்தியாயத்தில் இருப்பது பாதிரியார் இல்லை. செல்வரத்தினம் அண்ணன்.

மாதத்தின் முதல் சனிக்கிழமை என் வீட்டில் வட்டம் கூடும். கூட்டம் முடிந்து பெண்களும் மற்றவர்களும் போன பிறகு, நாங்கள் நாலைந்து பேர் பின்னறையில் உட்காருவோம். அண்ணன் பேசுவார். மெரெடித்தைப் பற்றி அவர் பேசுவதைக் கேட்கத்தான் நாங்கள் உட்கார்ந்திருந்தோம். பிறகு நான்தான் என் காரில் கொண்டுவந்து விடுவேன், நீங்கள் கதவைத் திறப்பீர்கள். மறுநாள் ஃபோன் செய்தால், "அவருக்கு பிரஷர், படுத்திருக்கிறார்" என்பீர்கள். "உப்பக் குறைக்கச் சொல்லுங்கக்கா" என்பேன். பிரஷர் இல்லை என்று உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இரண்டு பேருக்கும் தெரிந்ததை இரண்டு பேரும் சொல்லாமல், அவர் மானத்தைக் காப்பாற்றினோம். அவருடைய கல்வெட்டில் "சிறிது காலம் சுகவீனமுற்றிருந்து" என்று எழுதினேன். அந்த ஒரு வரிக்கு ஒரு ராத்திரி முழுக்க யோசித்தேன். அந்தக் கல்வெட்டை இன்றைக்கும் எத்தனையோ வீடுகளில் சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறார்கள்.

இப்போது நீங்களே அதை உடைக்கிறீர்கள். காய்ச்சல் என்ற இடத்தில் பிரஷர் என்று போட்டு வாசிக்க வட்டத்தில் எல்லோருக்கும் தெரியும். அண்ணன் போய்ப் பன்னிரண்டு வருஷமாகிறது. அவர் பதில் சொல்ல முடியாத இடத்தில் இருக்கிறார். அவருக்காகத்தான் எடுத்தேன். உங்களுக்காகவும்.

கோபாலன்


மிச்சம்
29 ஒக்டோபர் 2024

கோபாலனுக்கு,

முதலில் புத்தகத்தைப் பற்றி. ஏழாம் அத்தியாயத்தில் பங்குச் சபைப் பதிவிலும் லண்டன் சங்கத்தின் குறிப்பேட்டிலும் அடக்கப் பதிவேட்டிலும் இல்லாத எதையும் நான் எழுதவில்லை. காய்ச்சல் மார்கரெட் சொன்ன பொய். நான் இட்டுக்கட்டியது அல்ல. இரண்டு குடும்பங்களில் ஒரே மாதிரி நடந்திருந்தால் அதற்கு நான் பொறுப்பில்லை.

இனி உங்கள் கடிதத்தைப் பற்றி. "இரண்டு பேருக்கும் தெரிந்ததை" என்று எழுதியிருக்கிறீர்கள். எனக்குத் தெரிந்திருந்தது என்பது எனக்குத் தெரியும். உங்களுக்குத் தெரிந்திருந்தது என்பதை இந்தப் பன்னிரண்டு வருடத்தில் இப்போதுதான் அறிகிறேன்.

நீங்கள் வாசலில் விட்டுவிட்டுக் காரைத் திருப்பிக்கொண்டு போவீர்கள். உங்கள் பின்னறையில் தேநீர்தான் தருகிறீர்கள் என்றும், அவர் தன் கோட்டுப் பையில் ஒளித்துக் கொண்டுபோய்க் குடிக்கிறார் என்றும் நினைத்தேன். அப்படித்தான் அவர் என்னிடம் சொன்னார். உங்களுக்குத் தெரியாமல் குடிப்பதாகவும், தெரிந்தால் நீங்கள் வெறுத்துவிடுவீர்கள் என்றும் அழுதார். ஆகவே உங்களிடம் பிரஷர் என்றேன்.

கடைசி இரண்டு வருடங்களில் அவர் ஈரல் கெட்டுவிட்டது என்று டொக்டர் சொன்ன பிறகு, நான் அவரை உங்கள் வீட்டுக்கு விடவில்லை. வீட்டுக்கு ஆட்கள் வருவதையும் நிறுத்தினேன். அவருடைய வங்கி அட்டையை எடுத்து வைத்துக்கொண்டேன். காரணத்தை வெளியில் சொல்லவில்லை. என்னைப் பற்றி அப்போது என்ன சொன்னார்கள் என்பது உங்களுக்குத் தெரியும். படித்த கொன்வென்ட் அப்படி, மனுசனை வீட்டுக்குள் பூட்டி வைக்கிற திமிர் என்றார்கள். அதை நான் பொருட்படுத்தவில்லை.

ஆனால் மகள் சிவரூபினியும் அதையே நம்பினாள். செத்த வீடு முடிந்து, நான் உண்மையைச் சொன்னேன். அவள் நம்பவில்லை. அப்பா வீட்டில் ஒருநாளும் குடித்து அவள் கண்டதில்லை. உங்களிடம் கேட்கப்போவதாகச் சொன்னாள். கேட்கச் சொன்னேன். எனக்குச் சாட்சி இருக்காது என்றாலும், எனக்கு எதிராகவும் நீங்கள் ஒன்றும் சொல்ல மாட்டீர்கள் என்று நினைத்தேன். முப்பத்தோராம் நாள் சாப்பாட்டில், கல்வெட்டைக் கையில் வைத்துக்கொண்டு அவள் உங்களிடம் கேட்டிருக்கிறாள். நீங்கள் சொன்னதை அப்படியே வந்து என்னிடம் சொன்னாள்.

"உங்கப்பா குடிச்சு நான் பார்த்ததே இல்லம்மா."

அன்றைக்கு என் முகத்தைப் பார்த்து அவள் சொன்னது இது: "அப்பாவைத் தனிய வைச்சுச் சாகடிச்சது காணாதெண்டு இப்ப பேரையும் கெடுக்கிறீங்களோ அம்மா?" இப்போது வடக்கு லண்டனில் எட்மண்டனிலிருந்து என் பிறந்தநாளுக்கு வருவாள். கேக் கொண்டுவருவாள். கோட்டைக் கழற்றாமல் கதிரை நுனியில் இருந்துவிட்டுப் போவாள். பேரப்பிள்ளைகளைக் கொண்டுவருவதில்லை.

நீங்கள் உண்மையாகவே ஒன்றும் காணவில்லை, ஆகவே அப்படிச் சொன்னீர்கள் என்று நான் இத்தனை காலமும் உங்கள் பக்கம் நியாயம் வைத்திருந்தேன். தம்பி என்று கூப்பிட்டேன். என் புத்தகத்தை உங்களிடம் தந்தேன்.

ரூபினி ஏழாம் அத்தியாயத்தை வாசிப்பாள் என்று நினைத்தேனா என்று நீங்கள் கேட்கலாம். நினைத்தேன். விழாவுக்கு அவள் வந்திருந்தாள். முன்வரிசையில் இருந்தாள். நான் சொன்னால் கேட்காதவள் புத்தகமாக வந்தால் வாசிப்பாள் என்று நினைத்தேன். அது என் நம்பிக்கை. அதற்காக ஒரு சொல்லையும் நான் வளைக்கவில்லை.

உங்களுக்குத் தெரிந்திருந்தது என்பதை அவளுக்கு நீங்கள் எழுத வேண்டும்.

தவமலர்


ஹவுன்ஸ்லோ
4 நவம்பர் 2024

அக்கா,

மூன்று நாளாக ஃபோன் செய்கிறேன். நீங்கள் எடுக்கவில்லை. நேற்று உங்கள் தெருவரைக்கும் வந்தேன். டிராம் நிறுத்தத்தில் நின்றுவிட்டுத் திரும்பிவிட்டேன். வாணி என்னோடு சரியாகப் பேசுவதில்லை.

அவர் உங்களிடம் அப்படிச் சொல்லியிருந்தார் என்று எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. எங்களிடம், "உங்கட அக்காவுக்குத் தெரியும், அவ ஒண்டும் சொல்லமாட்டா" என்பார். நாங்கள் சிரிப்போம். நான் ஊற்றுவேன்.

அன்றைக்கு அந்தப் பெண் அழுதுகொண்டு வந்து நின்றாள். இலை போட்டாயிற்று, ஆட்கள் உட்கார்ந்திருக்கிறார்கள், என்னைச் சுற்றிப் பத்துப் பேர். அந்த இடத்தில் என்ன சொல்ல முடியும், நீங்களே சொல்லுங்கள். என் கையால் ஊற்றினேன் என்றா? அப்பாவைப் பற்றி நல்ல வார்த்தை ஒன்று கேட்கிறாள் என்றுதான் நினைத்தேன். உங்கள் வார்த்தைக்கும் அவர் வார்த்தைக்கும் நடுவில் என்னை நிறுத்தியிருக்கிறாள் என்று எனக்குத் தெரியவில்லை. அதன் பிறகு அவள் உங்களிடம் அதிகம் வருவதில்லை என்று கேள்விப்பட்டபோது ஏன் என்று யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை.

புத்தகத்தை நீங்கள் கேட்டபடியே செய்கிறேன். பத்து அத்தியாயமும், ஒரு எழுத்து மாறாமல். வாழ்த்துச் செய்திகள் எல்லாவற்றையும் எடுத்துவிடுகிறேன், தலைவர் கோபித்துக்கொள்ளட்டும். என் முன்னுரையும் வேண்டாம். இருக்கிற பிரதிகளைத் திரும்பப் பெறுகிறேன். மறுபடி ஒரு விழா வைத்து, ஏழாம் அத்தியாயத்தை நானே மேடையில் நின்று வாசிக்கிறேன். எல்லாரும் என்ன நினைத்தாலும் நினைக்கட்டும்.

ரூபினிக்கு மட்டும் எழுதச் சொல்லாதீர்கள். மாமா என்று கூப்பிடுகிறாள். தீபாவளிக்கு எங்கள் வீட்டுக்குத்தான் முதலில் வருகிறாள், போன வாரம்கூட வந்தாள். அவள் பிள்ளைகளுக்கு வாணி சட்டை எடுத்துக் கொடுத்தாள். அவளிடம் இப்போது இருக்கிற அப்பா நான் எழுதிக் கொடுத்தவர். அதை நானே திரும்பப் பிடுங்கினால் அவளுக்கு அப்பாவும் இல்லை, மாமாவும் இல்லை. மேடையில் நூறு பேருக்கு முன்னால் வாசித்துவிடுவேன் அக்கா. அவளுக்குத் தனியாக எழுத என்னால் முடியாது.

கோபாலன்


மிச்சம்
8 நவம்பர் 2024

கோபாலனுக்கு,

கடிதம் கிடைத்தது. நீங்கள் தருவதாகச் சொன்னதை யோசித்துப் பார்த்தேன்.

மறுபதிப்பு வேண்டாம். புத்தகம் இப்போது இருக்கிறபடியே இருக்கட்டும். ஏழாம் அத்தியாயம் இல்லாமல், "அன்னார்" என்பவரோடு, வாழ்த்துச் செய்திகளோடு, என் பெயரோடு விற்பனையாகட்டும். அதைப் பற்றி நான் இனி உங்களிடமோ வட்டத்திடமோ ஒன்றும் கேட்க மாட்டேன். மேடையிலும் நீங்கள் எதையும் வாசிக்க வேண்டாம். நூறு பேருக்குச் சொல்வது ஒருவருக்குச் சொல்வதைவிட உங்களுக்குச் சுலபம் என்பது எனக்கு விளங்குகிறது. ஆனால் அந்த நூறு பேரால் எனக்கு ஆவது ஒன்றுமில்லை.

இது சிறிய விட்டுக்கொடுப்பு அல்ல என்பதை நீங்கள் தெரிந்திருக்க வேண்டும். ஒன்பது வருட வேலை அது. பிழையான புத்தகத்துக்கு என் பெயர் இருப்பதை நான் எப்படி எடுத்துக்கொள்வேன் என்பது உங்களுக்குத் தெரியும். மார்கரெட்டைப் பற்றி எழுதப்பட்ட ஒரே இடத்தை நான் கொடுக்கிறேன். அவளுக்கு நான் பதில் சொல்லிக்கொள்கிறேன். அவள் இறந்து இருநூற்றறுபது வருடங்கள் ஆகின்றன, இன்னும் கொஞ்சக் காலம் பொறுப்பாள். எனக்கு வயது எண்பத்திரண்டு.

ரூபினிக்கு எழுதுங்கள். நீளமாக வேண்டாம். நான்கு வரி போதும். அவளுடைய அப்பா குடித்தார், அது உங்களுக்குத் தெரிந்திருந்தது, அம்மா சொன்னது பொய் அல்ல. அப்பாவைப் பற்றி இதற்குமேல் ஒரு கூடாத சொல்லும் சேர்க்க வேண்டாம். ஊற்றியது யார் என்று எழுதுவதும் எழுதாததும் உங்கள் விருப்பம். அதை நான் அவளிடம் சொல்லவில்லை, சொல்லவும் மாட்டேன். மன்னிப்புக் கேட்டு அவளை அழவைக்க வேண்டாம். நான் கேட்டு எழுதியதாகவும் காட்டிக்கொள்ள வேண்டாம். அவள் அதை வாசித்துவிட்டு என்னிடம் வருவாளா இல்லையா என்பது அவளுடைய விஷயம். அதற்கு நீங்கள் உத்தரவாதம் தர வேண்டியதில்லை.

அவளிடமிருந்து அப்பாவைப் பறிப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அந்த மனுசனோடு நாற்பத்தொரு வருடங்கள் குடும்பம் நடத்தினேன். நல்லவர். மெரெடித்தைப் பற்றி அவர் கதைக்கும்போது அடுப்பில் கறி அடிப்பிடித்தாலும் எழும்பாமல் கேட்டுக்கொண்டிருப்பேன். குடித்தவர் என்று தெரிந்துதான் கடைசிவரை பார்த்தேன். தெரிந்தபின் ஒருவரை நேசிக்க முடியாது என்பது உங்கள் எண்ணம். என் மகளுக்கும் அப்படித்தான் இருக்கும் என்று நீங்களாகவே முடிவு செய்ய வேண்டாம்.

எழுதுவீர்களா, மாட்டீர்களா என்பதை இம்மாத முடிவுக்குள் எனக்கு எழுத்தில் அறியத் தாருங்கள்.

தவமலர் செல்வரத்தினம்